கூம்புப்பூ ஏன் இதழைத் தொங்கவிட்டது

அந்தக் காலத்தில், குருவி ஒரு கேள்வி கேட்டால் மனுஷர் நின்று பதில் சொல்லிவிட்டுத்தான் நகர வேண்டும் என்று இருந்த காலத்தில், மேல்மலையில் ஏழுமடை என்று ஓர் ஊர் இருந்தது. மொத்தம் இருபது வீடு. ஒவ்வொரு வீட்டுக்கும் பின்னால் ஒரு கொல்லை. ஊருக்குக் கீழே தினைக்காடு, தினைக்காட்டுக்குக் கீழே யானைக்காடு.

அந்த ஊரில் நல்லக்காள் என்று ஒருத்தி இருந்தாள். பேர்தான் நல்லக்காள், ஊர் கூப்பிட்டது 'ஏன்காரி' என்று. எதைப் பார்த்தாலும் அவளுக்கு ஏன் என்று கேட்க வேண்டும். கத்தரிப்பூ ஏன் தலையைக் குனிந்துகொண்டு பூக்கிறது? பூசணிக்கொடி ஏன் வேலியைப் பார்த்தே ஓடுகிறது? எறும்பு ஏன் எதிரில் வருகிற எறும்பிடமெல்லாம் நின்று பேசுகிறது? இந்தக் கடைசிக் கேள்வியை எறும்பிடமே கேட்டுவிட்டாள். "வேலை கெடக்கு, வழியை விடு தாயி" என்று சொல்லிவிட்டு அது போய்விட்டது.

கேட்பதோடு விட்டாலும் பரவாயில்லை. எதையும் கையால் தடவிப் பார்க்க வேண்டும், பிறகு ஒரு துணுக்கைக் கிள்ளி நாக்கில் வைக்க வேண்டும். இரண்டு தடவை வாந்தி எடுத்திருக்கிறாள். இரண்டு தடவையும் அவள் புருஷன் மொக்கையன் திட்டினான், ஊரே கேட்டது.

ஊரே கேட்டது என்று சும்மா சொல்லவில்லை. மொக்கையன் குரல் அப்படி. வீட்டுக்குள் உட்கார்ந்து "தண்ணி குடு" என்று கேட்டானென்றால், நாலாம் வீட்டுக்காரி செம்போடு வாசலில் வந்து நிற்பாள். அந்தக் குரலால்தான் ஏழுமடைக்குச் சோறு. ஏனென்று சொல்கிறேன்.

ஊருக்கும் யானைகளுக்கும் நடுவே ஒரு பேச்சு இருந்தது. பொழுது சாய்கிற நேரத்தில் தினைக்காட்டுப் பரணில் ஏறி ஒரு மனுஷக் குரல் கூப்பிட வேண்டும். அந்தக் குரல் மூன்று மேடு தாண்டிக் கேட்டால், காட்டுக்கு ஆள் உண்டு என்று அர்த்தம், யானை திரும்பிவிடும். கேட்காவிட்டால் அது ஆளில்லாத காடு, யார் வேண்டுமானாலும் மேய்ந்துகொள்ளலாம். மூன்று மேடு தாண்டுகிற குரல் ஊரில் ஒன்றே ஒன்று. அது மொக்கையன் குரல்.

நல்லக்காளின் கொல்லையில், துவைகல்லை ஒட்டி, வெயில் நன்றாக விழுகிற இடத்தில் ஒரு செடி நின்றது. யாரும் நட்டதில்லை, யாருக்கும் பேர் தெரியாது. முழங்கால் உயரம். இலையைத் தடவினால் பூனை நக்கினதுபோல் சொரசொரவென்று இருக்கும். ஆடியிலிருந்து பனிக்காலம் வரை ஊதா நிறத்தில் பூ வைக்கும். அந்தப் பூவில்தான் ஒரு விசேஷம். இதழ் எல்லாம் மேல்நோக்கி நின்று, ஒன்றையொன்று ஒட்டி, நடுவில் இருப்பதை மூடிக்கொண்டிருக்கும். விரியவே விரியாது. அப்படியே மூடி, அப்படியே காய்ந்து, அப்படியே உதிரும்.

நல்லக்காளால் சும்மா இருக்க முடியுமா?

"உள்ள என்னத்தத்தான் வச்சிருக்க?" என்று பூவிடம் கேட்டாள்.

"உன் வீட்டுப் பெட்டியில என்ன இருக்குன்னு நான் கேட்டனா?" என்றது பூ.

"கேளு, சொல்றேன். ரெண்டு சேலை, ஒரு சீப்பு."

"நான் கேக்கல. நீயும் கேக்காத."

வேலிமேல் உட்கார்ந்திருந்த தினைக்குருவி சிரித்தது. அதற்கும் உள்ளே இருப்பதைப் பார்க்க ஆசைதான். ஆனால் இதழைக் கொத்திப் பிளக்கிற அளவுக்கு அதன் அலகுக்குப் பலம் போதாது.

பூ திறக்காது என்றதும் நல்லக்காள் ஓர் இலையின் ஓரத்தைக் கிள்ளிக் கடித்தாள். முதலில் ஒன்றும் தெரியவில்லை. பிறகு நாக்கு நுனி சுறுசுறுவென்று துடித்தது, கொஞ்ச நேரம் மரத்துப் போனது, பிறகு கதகதப்பாக ஆனது. அடடா, இது என்ன புதுசாக இருக்கிறதே என்று அன்றைக்கு முழுக்க நாக்கைச் சுழற்றிக்கொண்டே திரிந்தாள்.

அந்த வருஷம் கார்த்திகையிலேயே பனி முந்திக்கொண்டது. தினை கதிர் வாங்கி நிற்கிறது. ஒருநாள் காலையில் மொக்கையன் எழுந்து வாயைத் திறந்தான். வெறும் காற்றுதான் வந்தது. கையை ஆட்டி ஆட்டி எதையோ கேட்டான். வெந்நீராக்கும் என்று நல்லக்காள் கொடுத்தாள். அவன் தலையில் அடித்துக்கொண்டு கொடியில் காய்ந்த கோவணத்தைக் காட்டினான்.

இஞ்சி தட்டிக் கொடுத்தார்கள். மிளகு கொடுத்தார்கள், தேன் கொடுத்தார்கள். தொண்டை திறக்கவில்லை. அன்று பொழுது சாய்கையில் மொக்கையனின் தங்கை கருத்தக்காள் பரணில் ஏறிக் கூப்பிட்டாள். அவளுக்கும் லேசுப்பட்ட குரல் இல்லை. சந்தையில் அவள் பேரம் பேசினால் மாடு மிரளும். கழுத்து நரம்பு புடைக்கக் கத்திவிட்டு அவள் இறங்கினபோது, காட்டோரத்தில் கொம்பன் யானை வந்து நின்றது.

"கூப்பிட்டது நீயா தாயி?" என்றது மரியாதையாக. "நல்லாத்தான் இருந்துச்சு. ஆனா ரெண்டாம் மேட்டுக்கே வரலியே. பேச்சு பேச்சுதான். நாலு நாள் பொறுக்குறோம். அதுக்குள்ள அந்தக் குரல் வரலன்னா குட்டிகளோட எறங்கிருவோம், கோவிச்சுக்காத."

ஊர் கலங்கிப்போனது. தினை போனால் அடுத்த அறுப்பு வரை இருபது வீட்டிலும் அடுப்பு எரியாது.

நல்லக்காளுக்கு அன்று தூக்கம் பிடிக்கவில்லை. விடிந்ததும் துவைகல்லுக்குப் போய் அந்தச் செடியின் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள்.

"உன் இலையைக் கடிச்சா நாக்கு துடிக்குது. ஏன்?"

பூ சொன்னது: "இலை நாக்கு மட்டுந்தான் போவும். வேர் தொண்டை வரைக்கும் போவும்."

நல்லக்காளுக்குச் சட்டென்று புரிந்துவிட்டது. கூடவே இன்னொன்றும் புரிந்தது. "வேரை எடுத்தா நீ?"

"நான் இருக்க மாட்டேன். எனக்கு வயசாச்சு, மறுபடி துளிர்க்கிற தெம்பு இல்ல." பூ குரலைத் தாழ்த்தியது. "அதுக்காக அழல. இந்த மலையிலேயே நான் ஒருத்திதான். விதையைக் குருவி தின்னுருமேன்னு இத்தனை வருஷமும் மூடியே வச்சிருந்தேன். மூடி மூடி உள்ளேயே மக்கிப் போச்சு. எனக்கு ஒரு புள்ள இல்ல நல்லக்கா. வேரை எடுத்துக்க. ஆனா இந்த வருஷத்து விதை இன்னும் மக்கல, அதை ஒண்ணு விடாம எடுத்து, முளைக்க வச்சிரு. செய்வியா?"

"செய்வேன்," என்றாள் நல்லக்காள். "இது என் தலைமேல ஆணை."

அப்போதுதான் அந்தப் பூ முதல்முறையாக விரிந்தது. உள்ளே ஒரு கூம்பு. தேன் நிறம், தொட்டால் வெண்ணெயாக வழுக்கியது. அதில் வரிசை வரிசையாக விதை. நல்லக்காள் முறம் எடுத்துவந்து அடியில் பிடித்து, உள்ளங்கையை வைத்து ஒரே வழிப்பாக வழித்தாள். அத்தனையும் முறத்தில் வந்து விழுந்தது. ஒரு பூ, இரண்டு பூ என்று செடி முழுக்க வழித்து முடித்தாள்.

தினைக்குருவி பறந்து வந்து முறத்தின் ஓரத்தில் உட்கார்ந்தது. "அக்கா, பனி முந்திருச்சு. புல்லு விதையெல்லாம் கருகிப் போச்சு, தினையிலயும் உக்கார விடாம விரட்டுறாங்க. ஒரு பத்து விதை குடு. பத்தே பத்து."

"சூ! ஒண்ணு விடாமன்னு வாக்குக் குடுத்திருக்கேன்."

"இம்புட்டு இருக்கேக்கா."

"இருந்தா? போறியா இல்லியா?"

குருவி பார்த்தது, ஒரு வாய் அள்ளிக்கொண்டு பறந்தது. நல்லக்காள் கல்லை எடுத்து வீசினாள். கல் படவில்லை. ஏழெட்டு விதை போச்சே என்று திட்டித் தீர்த்தாள்.

வேரைத் தோண்டி, கழுவி, விரல் நீளம் நறுக்கி, மொக்கையனை வாயில் போட்டு மெல்லச் சொன்னாள். அவன் மூஞ்சியைச் சுளித்துக்கொண்டு மூன்று நாள் மென்றான். மூன்றாம் நாள் பொழுது சாய்கையில் பரணில் ஏறி வாயைத் திறந்தான். மூன்றாம் மேட்டுக்கு அப்பால் மரத்தில் இருந்த கொக்கெல்லாம் எழும்பின.

"சரி சரி, கேக்குது!" என்று கீழேயிருந்து கொம்பன் பதில் சொன்னது. யானைகள் திரும்பின. தினை வீடு வந்து சேர்ந்தது. மிச்ச வேரை நல்லக்காள் காயவைத்துக் கட்டிவைத்தாள். இன்னும் ஒரு பனிக்குத்தான் அது போதும்.

இனி விதை. ஏழுமடைப் பெண்கள் விதை காக்கிற முறை ஒன்று உண்டு. விதையைச் சாம்பலில் புரட்டி, சுரைக்குடுக்கையில் போட்டு, வாயை அடைத்து, அடுப்புக்கு நேர் மேலே புகை படுகிற மாதிரி கட்டித் தொங்கவிடுவார்கள். பூச்சி அண்டாது, பூஞ்சை பிடிக்காது. கத்தரி, அவரை, சுரை எல்லாம் அப்படி இருந்துதான் முளைக்கும். இந்த விதையையும் நல்லக்காள் அப்படியே, இன்னும் ஒரு கைப்பிடி சாம்பல் கூடுதலாகப் போட்டுக் கட்டினாள். பனிக்காலம் முழுக்க அடுப்பு எரிகிறபோதெல்லாம் அண்ணாந்து குடுக்கையைப் பார்த்துக்கொண்டாள்.

சித்திரையில் கோடைமழை விழுந்ததும் பாதி விதையை எடுத்து விதைத்தாள். பத்து நாள், இருபது நாள், ஒன்றும் இல்லை. எரு போட்டாள். தண்ணீர் ஊற்றினாள். பொறுக்க மாட்டாமல் மண்ணைக் கிளறி ஒரு விதையை எடுத்துப் பார்த்தாள். போட்டது போட்டபடி இருந்தது.

"ஏன்?" என்று விதையிடம் கேட்டாள். அந்தக் காலத்திலும் விதை மட்டும் பேசாது.

ஊரில் ஆளுக்கொன்று சொன்னார்கள். ஆழமாகப் போட்டுவிட்டாள் என்றாள் ஒருத்தி. மேலாகப் போட்டுவிட்டாள் என்றாள் இன்னொருத்தி. "மதினி, நீ கிளறிக் கிளறிப் பார்த்தா அது எப்பத்தான் முளைக்கும்? நீ பார்க்கிற பார்வையிலேயே அதுக்குப் பயம்," என்றாள் கருத்தக்காள்.

ஒரு மாசம் ஆனது. நல்லக்காள் துவைகல்லில் உட்கார்ந்து அழுதாள். அடுத்த பனிக்கு வேர் இருக்கிறது, அதற்கடுத்த பனிக்கு என்ன செய்வது? அதைவிட, உயிரைக் கொடுத்த செடிக்குக் கொடுத்த வாக்கு என்ன ஆவது? மலையில் இருந்த ஒரே ஒருத்தியை வேரோடு பிடுங்கிவிட்டோமே என்று புலம்பினாள். மொக்கையன் வந்து பக்கத்தில் உட்கார்ந்து, தனக்குத் தெரிந்த வரை மெதுவாக, "அழாத புள்ள," என்றான். ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது அவள் அழுகிறாள் என்று.

தினைக்குருவிக்கும் கேட்டது. வேலிமேல் வந்து உட்கார்ந்தது. இளைத்துப் போயிருந்தது.

"உன்கூட ஒரு கூட்டமே வருமே, எங்க?" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டாள்.

"பாதி பேர் இல்லக்கா. பனியில போயிட்டாங்க."

முறத்தின் ஓரத்தில் உட்கார்ந்து அது பத்து விதை கேட்டது நல்லக்காளின் நினைவுக்கு வந்தது. ஒரு பிடி எள்ளும் ஒரு பிடி தினையும் கொண்டுவந்து துவைகல்லில் வைத்தாள். "என் புத்தியைச் செருப்பால அடிக்கணும்," என்றாள்.

குருவி தின்று முடித்தது. அலகை இரண்டு பக்கமும் துடைத்துக்கொண்டது. "வா, ஒண்ணு காட்டுறேன்," என்றது.

ஓடைக்கு மேலே ஒரு பாறை. பாறை இடுக்கில் கொஞ்சம் மணல், அதில் களையும் செடியுமாகப் பத்துப் பதினைந்து நின்றன. "நீ கல்லெறிஞ்சியே, அந்தப் பதட்டத்துல வாயில இருந்ததுல பாதி இங்கதான் விழுந்துச்சு. எதுன்னு நீயே கண்டுபிடி. நீதான் ஏன்காரியாச்சே."

எல்லாம் ஒன்றுபோலவே இருந்தன. நல்லக்காள் மண்டியிட்டு ஒவ்வொரு இலையாகத் தடவினாள். வழுவழுவென்று இருந்ததையெல்லாம் ஒதுக்கினாள். சொரசொரவென்று இருந்தவை ஐந்து. ஐந்திலும் ஓரம் கிள்ளி நாக்கில் வைத்தாள். ஒன்று கசந்தது, ஒன்று சப்பென்றிருந்தது. மற்ற மூன்றிலும் நாக்கு சுறுசுறுவென்று துடித்தது. அவள் அங்கேயே உட்கார்ந்து சிரித்தாள், சிரிக்கும்போதே அழுதாள்.

அழுது முடித்ததும் பழைய புத்தி வந்துவிட்டது. "நான் எரு போட்டு, தண்ணி ஊத்தி, பொத்திப் பொத்தி வச்சேன், வரல. இங்க ஒருத்தரும் பார்க்கல, வந்திருக்கு. ஏன்?" சுற்றிப் பார்த்தாள். மணலைத் தொட்டாள். "இங்க பனி விழுமா?"

"விழுமாவா? மார்கழியில காலு ஒட்டிக்கும். விடியற்காலையில பாறையே வெள்ளையா இருக்கும்."

நல்லக்காள் நெற்றியில் அடித்துக்கொண்டாள். "நான் அடுப்புக்கு மேல கட்டினேன். அது பனிக்குக் காத்துக்கிட்டு இருந்திருக்கு. நனைஞ்சு, குளுந்து, அப்புறந்தான் கண்ணைத் திறக்கும்போல."

மூன்று நாற்றையும், வேர் அறுந்துவிடாமல் சுற்றின மண்ணோடு பெயர்த்து, துவைகல்லின் பக்கத்தில், தண்ணீர் தேங்காத மேட்டில் நட்டாள். குடுக்கையில் மிச்சமிருந்த விதையை அடுத்த மார்கழியில் ஈரமணலில் கலந்து, பனி கொட்டுகிற இடத்தில் திறந்தபடி வைத்தாள். மாசியில் பச்சை பச்சையாகத் தலைநீட்டின. அந்தப் பனிக்கு மொக்கையன் தொண்டை கட்டினபோது கடைசி வேர்த்துண்டும் தீர்ந்தது.

அடுத்த ஆடியில் பாறையிலிருந்து வந்த மூன்றும் பூ வைத்தன. நல்லக்காள் ஓடிப்போய்ப் பார்த்தாள். ஊதா இதழ். மேல்நோக்கி, ஒட்டி, மூடி. தாய் இருந்த மாதிரியே.

"ஏன்டி மூடிக்கிட்டீங்க?"

"குருவி தின்னுரும்," என்றன மூன்றும் ஒரே குரலில்.

குருவி வேலிமேல்தான் உட்கார்ந்திருந்தது. நல்லக்காள் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். "உங்கம்மா மூடி வச்சா. உள்ளேயே மக்குச்சு. நான் வழிச்சு அடுப்புக்கு மேல வச்சேன். முளைக்கல. இந்தக் குருவி திருடிட்டுப் போய்ச் சிந்துனதுதான் நீங்க மூணு பேரும்."

"அப்ப இந்தக் குருவி திங்காதா?" என்றது ஒரு பூ.

"திங்கும். ஏன் பொய் சொல்லணும்? ஒம்பது தின்னா ஒண்ணு சிந்தும். அந்த ஒண்ணுதான் நீ."

நல்லக்காள் கையை நீட்டி, அந்தப் பூவின் ஓர் இதழைப் பிடித்து, கிழியாமல் மெல்லக் கீழே மடக்கினாள். பிறகு அடுத்தது. பிறகு அதற்கடுத்தது. சுற்றிலும் மடக்கி முடித்ததும் கூம்பு வெயிலில் நிமிர்ந்து நின்றது. இதழ் எல்லாம் பாவாடைபோல் கீழே தொங்கின.

"குருவி உக்காரட்டும்," என்றது பூ. "ஆனா உன் கை?"

"என் கைக்கு என்ன?"

"குருவி ஒரு தரமாச்சும் சிந்துச்சு. எங்கம்மாவை ஒண்ணு விடாம ஒரே வழிப்பா வழிச்சது உன் கைதானே."

நல்லக்காள் தன் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தாள். தாய்ச்செடி கேட்டதால்தான் வழித்தேன் என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

"அப்ப என் கையை நம்பாத," என்றாள்.

பூ மூச்சை இழுத்துப் பிடித்தது. வெண்ணெயாக இருந்த கூம்பு, ஒவ்வொரு விதைக்கும் பக்கத்தில் ஒரு முனை என்று விறைத்தது. நல்லக்காள் சும்மா இருப்பாளா? உள்ளங்கையை வைத்து ஒரு வழிப்பு வழித்துப் பார்த்தாள். "ஸ்ஸ்!" கையை உதறினாள். ஒரு சொட்டு ரத்தம் எட்டிப்பார்த்தது. "பலே!" என்று சிரித்தாள். குருவி பறந்து வந்து கூம்பின்மேல் உட்கார்ந்தது. முள்ளுக்கும் முள்ளுக்கும் நடுவே அதன் அலகு சுளுவாக இறங்கியது.

மூன்றாவது பனியிலும் மொக்கையன் தொண்டை கட்டியது. நல்லக்காள் நடுவேரைத் தொடாமல், ஓரத்தில் ஒரு விரல் வேர் மட்டும் எடுத்து மண்ணைத் தள்ளி மூடினாள். செடி ஆடவில்லை, அசையவில்லை. நாலாம் நாள் பரணிலிருந்து மொக்கையன் போட்ட சத்தத்தில் கொல்லையில் இருந்த குருவிக் கூட்டமே எழும்பி, ஒரு சுற்று சுற்றிவிட்டு, மறுபடியும் காய்ந்த கூம்புகளில் வந்து உட்கார்ந்தது.

"மதினி, காஞ்சு கருத்து நிக்குதே, அறுத்துப் போடேன், கொல்லை பார்க்கச் சகிக்கல," என்றாள் கருத்தக்காள்.

"நிக்கட்டும்," என்றாள் நல்லக்காள். "பனி போவட்டும்."

அன்று முதல்தான் கூம்புப்பூ இதழைக் கீழே தொங்கவிட்டு, கூம்பை வெளியே காட்டிக்கொண்டு நிற்கிறது. அதைக் கொல்லையில் வளர்க்கிறவர்கள் பனி முடிகிறவரை காய்ந்த பூவை அறுக்காமல் விடுகிறார்கள். ஆசைப்பட்டு யாராவது உள்ளங்கையை வைத்து வழித்தால் அது குத்துகிறது; குருவி வந்து உட்கார்ந்தால் குத்துவதில்லை.